போன் ஆச்சி கையிலேயே இருக்கட்டும்

வீட்டுப் பெரியவர்களுக்குப் போன் சொல்லிக்கொடுக்க உட்காரும்போது நாம் எல்லோரும் செய்கிற முதல் தப்பு, "இங்க தாங்க" என்று கையிலிருந்து போனை வாங்குவதுதான். வாங்கி, நாலு தட்டுத் தட்டி, "இவ்வளவுதான், பாத்தீங்களா?" என்று திருப்பிக் கொடுப்போம். அவர்களும் தலையாட்டுவார்கள். ஆனால் நம் விரல் போன வேகத்துக்கு அவர்கள் கண் போயிருக்காது, கண் போயிருந்தாலும் அது கைக்கு வந்திருக்காது. குறுக்குத்துறை ஆற்றில் நமக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்த சித்தப்பாவோ மாமாவோ வயிற்றுக்கு அடியில் கை கொடுத்துத் தாங்கினார்களே தவிர, நமக்குப் பதிலாக அவர்களே அக்கரைக்கு நீந்திவிட்டு "இப்படித்தான்" என்று சொல்லவில்லை. இதற்கும் அதே முறைதான். போன் அவர்கள் கையில் இருக்கட்டும், உங்கள் இரண்டு கையும் உங்கள் மடியில் இருக்கட்டும், வாயால் மட்டும் சொல்லுங்கள். தப்பான இடத்தில் தட்டினால் தட்டட்டும். "பரவாயில்ல, பின்னாடி வந்துரலாம்" என்று சொல்லி, பின்னால் வருவது எப்படி என்பதையும் அவர்கள் விரலாலேயே செய்ய வையுங்கள்.

பாளையங்கோட்டையில் எங்கள் தெருவில் அம்மாவில் ஆரம்பித்து, எதிர்வீட்டு ஆச்சி, ஆச்சி கூட்டிவந்த அவர்கள் மைனி, ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் என்று சில வருஷமாகச் சொல்லிக்கொடுத்து வருகிறேன். அதில் எனக்குப் பிடிபட்டதைத்தான் எழுதுகிறேன். சென்னையிலிருந்தோ துபாயிலிருந்தோ பத்து நாள் லீவில் வந்து, கிளம்புவதற்குள் எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்துவிட வேண்டும் என்று நினைக்கிறவர்கள் கொஞ்சம் நின்று படியுங்கள். எல்லாவற்றையும் சொல்லிக்கொடுக்க முடியாது. ஒரே ஒரு வேலையை முழுசாகக் கைக்குள் கொண்டுவந்துவிட்டால் மற்றதற்கு அவர்களே வழி கேட்பார்கள்.

அந்த ஒரு வேலை எது என்று நீங்கள் முடிவு பண்ணாதீர்கள், கேளுங்கள். நாம் இமெயில், கூகுள் என்று ஆரம்பிப்போம், அவர்களுக்கு அது எதற்கும் உதவாது. எதிர்வீட்டு ஆச்சிக்கு பெங்களூர் பேரன் முகத்தைப் பார்க்க வேண்டும், அதுவும் அவன் கூப்பிடும்போது இல்லை, தனக்குத் தோன்றும்போது. வாத்தியாருக்கு நெல்லை எக்ஸ்பிரஸில் கீழ் பெர்த் வேண்டும். அம்மாவுக்கு, மாதாமாதம் பணம் பேங்கில் ஏறிவிட்டதா என்று யாரையும் கேட்காமல் தெரிய வேண்டும். மைனிக்கு காலையில் திருநெல்வேலி வானொலி கேட்க வேண்டும், பழைய ரேடியோ பெட்டி ரிப்பேர். ஆகாசவாணிக்கென்றே நியூஸ் ஆன் ஏர் என்று செயலி இருக்கிறது, அதைப் போட்டு நிலையத்தைத் தேடிப் பிடித்துக் கொடுத்த அன்றைக்குத்தான் அவர்களுக்குப் போன் மேல் இருந்த பயமே விட்டது.

சரி, உட்காருவதற்கு முன்னால் போனைக் கொஞ்சம் பக்குவப்படுத்த வேண்டும், இது மட்டும் நீங்கள் தனியாகச் செய்கிற வேலை. எழுத்தைப் பெரிசாக்குவது எல்லோருக்கும் தெரியும், ஆனால் எழுத்தோடு நிறுத்திவிடுவார்கள். டிஸ்ப்ளே சைஸ் என்று தனியாக ஒன்று இருக்கிறது, படங்களும் பொத்தான்களும் பெரிதாவது அதில்தான். முகப்பில் ஆறு படத்துக்கு மேல் வைக்காதீர்கள். கடைக்காரன் ஏற்றிக்கொடுத்த விளையாட்டு, கடன் தருகிறேன் என்கிற செயலி எல்லாவற்றையும் தூக்கிவிடுங்கள். ஸ்கிரீன் அணையும் நேரத்தை இரண்டு நிமிஷத்துக்கு மேல் வையுங்கள். முப்பது செகண்டில் அணைகிற போனில் கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டுவதற்குள் இருட்டிவிடும், அவர்கள் ஏதோ கெட்டுப்போனது என்று நினைப்பார்கள்.

இன்னொரு செட்டிங் இருக்கிறது, அது முக்கால்வாசிப் பேருக்குத் தெரியாது. எனக்கும் ஆச்சி மூலமாகத்தான் தெரிந்தது. ஒரு நாள் சாயங்காலம், "எய்யா, நான் தொட்டா மட்டும் இது ஆடுதுல்லா, பாரு" என்று கூப்பிட்டார்கள். போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஆச்சி வாட்ஸ்அப் படத்தின் மேல் விரலை வைத்தார்கள், காலிங் பெல்லை அமுக்குகிற மாதிரி நன்றாக அழுத்தினார்கள், உள்ளே போகட்டும் என்று காத்திருந்தார்கள். படம் லேசாகப் பெரிதாகி எழும்பியது, பக்கத்தில் ஒரு சின்னப் பெட்டி திறந்தது, ஆச்சி பதறி விரலை இழுக்க, படம் விரலோடு வந்து வேறு இடத்தில் போய் உட்கார்ந்தது. "போயிட்டு" என்றார்கள். நம் கைக்குத் தட்டுவது வேறு, அழுத்திப் பிடிப்பது வேறு என்று பழகியிருக்கிறது, அவர்கள் காலமெல்லாம் பழகியது சுவிட்சும் பெல்லும் பழைய லேண்ட்லைன் பொத்தானும். அழுத்தினால்தான் வேலை நடக்கும் என்பது அந்தக் கையின் அறிவு, அதில் ஒரு தப்பும் இல்லை. செட்டிங்ஸில் ஆக்ஸஸபிலிட்டி என்று இருக்கும், தமிழில் வைத்திருந்தால் போனைப் பொறுத்து அணுகல்தன்மை என்றோ மாற்றுத்திறன் வசதி என்றோ இருக்கும், அதற்குள்ளே 'டச் அண்ட் ஹோல்ட் டிலே' என்பதை 'லாங்' என்று மாற்றிவிடுங்கள். அதற்குப் பிறகு கொஞ்சம் நேரம் அழுத்தினாலும் தட்டியதாகத்தான் போன் எடுத்துக்கொள்ளும். ஆச்சியிடம், "அமுக்க வேண்டாம் ஆச்சி, தோசைக்கல் சூடாயிட்டான்னு தொட்டுப் பாப்பீங்கள்லா, அந்த மாதிரி" என்று சொன்னேன். அன்றைக்கே வந்துவிட்டது.

சிலருக்கு எவ்வளவு தொட்டாலும் போன் கேட்காது. முக்கூடல், மேலப்பாளையம் பக்கம் வருஷக்கணக்காகப் பீடி சுற்றியவர்கள், வயலில் கிடந்தவர்கள், பாத்திரம் தேய்த்தவர்கள் இவர்களுக்கெல்லாம் விரல் நுனி காய்ந்து தடித்திருக்கும். இந்தத் திரை தோல் வழியாகப் போகிற மிக மெல்லிய மின்சாரத்தை வைத்துத்தான் விரலைக் கண்டுபிடிக்கிறது, அதனால் ஈரமில்லாத தோல் அதற்குச் சரியாகத் தெரியாது. ஈரத்துணியில் விரலை ஒற்றிவிட்டு உடனே துடைத்துக்கொண்டு தொடச் சொல்லுங்கள், நகத்தால் இல்லாமல் விரலின் சதையால் தொடச் சொல்லுங்கள், மேலே ஒட்டிய தடித்த மலிவுக் கண்ணாடியைப் பிரித்துவிடுங்கள். பாதி நேரம், "எனக்கு இதெல்லாம் வராதுப்பா" என்று அவர்கள் ஒதுங்குவதற்குக் காரணம் மூளை இல்லை, விரல்தான்.

அப்புறம் நோட்டு. இதை விடவே கூடாது. நாற்பது பக்க நோட்டு ஒன்று, தடித்த பேனா ஒன்று. நீங்கள் எழுதக்கூடாது, அவர்கள் எழுத வேண்டும், அதுவும் அவர்கள் பார்வைக்கு எப்படித் தெரிகிறதோ அப்படியே. நாம் 'ஐக்கான்', 'மெனு' என்று எழுதிக்கொடுத்தால் மறுநாள் நம்மையே கூப்பிட்டு அதற்கு அர்த்தம் கேட்க வேண்டியிருக்கும். ஆச்சி நோட்டின் முதல் பக்கம் இப்படி இருக்கிறது, அவர்களிடம் கேட்டுவிட்டுத்தான் இங்கே எடுத்துப் போடுகிறேன்:

பேரன் மூஞ்சி பாக்க
ஓரத்துப் பொத்தான் ஒரு அமுக்கு, வெளிச்சம் வரும்
கீழ இருந்து மேல ஒரு தடவு
பச்சை உருண்டை, உள்ள போன் படம், தொடு
அவன் வட்டமா இருப்பான், தொடு
மேல சினிமா கேமரா, தொடு
காதுல வைக்காதே, எதிர்ல பிடி
முடிஞ்சா சிகப்பு

ஏழே வரி. இதில் "காதுல வைக்காதே" என்பது நான் சொல்லாதது, இரண்டு தடவை பேரன் இவர்கள் காதையே பார்த்துக்கொண்டிருந்ததால் ஆச்சி தானாகச் சேர்த்தது. ஒரு பக்கத்துக்கு ஒரு வேலை. எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் என்றால் படம் போடச் சொல்லுங்கள், பச்சை ஸ்கெட்ச்சில் ஒரு வட்டம் போட்டால் போதும். பாஸ்வேர்டையும் பின் நம்பரையும் மட்டும் இந்த நோட்டில் எழுத விடாதீர்கள், இது வருகிறவர் போகிறவர் எல்லோரும் புரட்டுகிற நோட்டு.

நேரம் விஷயத்தில் கறாராக இருங்கள். இருபது நிமிஷம் போதும். மத்தியானத் தூக்கம் முடிந்து காபி குடித்த பிறகு நாலரை மணிவாக்கில் என் அனுபவத்தில் நன்றாக ஏறுகிறது. ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தால் திரையில் கூசும், பக்கவாட்டில் உட்காருங்கள். புதுசு சொல்வதற்கு முன் நேற்றுச் சொன்னதை நோட்டைப் பார்த்து மூன்று தடவை செய்யச் சொல்லுங்கள், நாலாவது தடவை நோட்டை மூடச் சொல்லுங்கள். மறந்துபோனால், "நேத்துத்தானே சொன்னேன்" என்ற வார்த்தை உங்கள் வாயில் வரவே கூடாது. அந்த ஒரு வார்த்தைக்கு என் அம்மா ஒரு மாதம் போனைத் தொடவில்லை.

போன் தமிழில் இருக்க வேண்டுமா ஆங்கிலத்திலா என்று கேட்பார்கள். தமிழ் மட்டும் வாசிக்கத் தெரிந்தவர்களுக்குத் தயங்காமல் தமிழுக்கு மாற்றிவிடுங்கள், சில சொற்கள் முரடாக இருந்தாலும் வாசிக்க முடிகிறதே, அதுவே பெரிய பலம். ஆங்கிலம் பழகிய வாத்தியார் மாதிரி ஆட்களுக்கு அப்படியே விடுங்கள். ஆனால் தமிழுக்கு மாற்றினால், தூரத்திலிருந்து வழி சொல்லப்போகிற நீங்களும் உங்கள் போனை ஒரு நாள் தமிழில் வைத்துப் பழகிக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் நீங்கள் 'செட்டிங்ஸ்' என்பீர்கள், அங்கே 'அமைப்புகள்' என்று இருக்கும், இரண்டு பேரும் அரைமணி நேரம் தேடிக்கொண்டிருப்பீர்கள்.

டைப் அடிக்கச் சொல்லிக்கொடுப்பதைப் பின்னால் வைத்துக்கொள்ளலாம். முதலில் மைக். ஜிபோர்டு என்கிற கூகுள் விசைப்பலகையில் தமிழைச் சேர்த்துவிட்டு மைக் படத்தைத் தொட்டுப் பேசினால் அதுவே எழுதிக்கொள்ளும். நம் ஊர்ப் பேச்சு அதற்கு அவ்வளவாகப் பிடிபடாது, "வாரியளா" என்றால் வேறு என்னத்தையோ எழுதும், நிதானமாக "வருகிறீர்களா" என்றால் எழுதிவிடும். பெரியவர்களுக்கு இது சங்கடமாக இருந்தால் வாட்ஸ்அப்பில் குரலைப் பதிந்தே அனுப்பச் சொல்லுங்கள், அதில் எப்படிப் பேசினாலும் போய்ச் சேரும், பேரப்பிள்ளைகளுக்கு ஆச்சியின் குரலும் சேர்ந்து கிடைக்கும். கையால் திரையில் எழுதினால் எழுத்தாக மாற்றுகிற வசதியும் ஜிபோர்டில் இருக்கிறது, நல்ல கையெழுத்து உள்ளவர்களுக்கு அது ரொம்பப் பிடிக்கும்.

கம்ப்யூட்டர் என்று வந்தால் தடையே மவுஸ்தான், இரட்டைக் கிளிக். இரண்டு தட்டுக்கு நடுவில் கை நகர்ந்துவிடும். விண்டோஸில் அம்புக்குறியைப் பெரிதாக்கி, அதன் வேகத்தைக் குறைத்து, இரட்டைக் கிளிக்கின் வேகத்தையும் குறைத்துவிடுங்கள். ஒரே கிளிக்கில் திறக்கிற மாதிரியும் வைக்கலாம், அதுதான் உத்தமம். தமிழ் அடிக்க வேண்டும் என்கிறவர்களுக்கு தமிழ் 99 விசைப்பலகை விண்டோஸிலேயே இருக்கிறது, உயிரெழுத்துகள் இடது கைக்கு, மெய்கள் வலது கைக்கு, நம் எழுத்து முறையை அறிந்தவர்களுக்குச் சீக்கிரம் பிடிபடும். அந்தக் காலத்தில் தமிழ் டைப்ரைட்டிங் லோயர், ஹையர் பாஸ் பண்ணியவர் யாராவது வீட்டில் இருந்தால் அவரை எதையும் புதிதாகப் படிக்க வைக்காதீர்கள். என்.எச்.எம். ரைட்டர் மாதிரி மென்பொருளில் பழைய தட்டச்சு அமைப்பே கிடைக்கிறது, அதைப் போட்டுக் கொடுங்கள், நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு பக்கம் அடித்துவிடுவார்.

ரயில் டிக்கெட்டுக்கு ஒரு வார்த்தை. மூத்த குடிமக்களுக்கான கட்டணச் சலுகை 2020 மார்ச்சில் நிறுத்தப்பட்டது, அதைத் தேடி அவர்கள் குழம்ப வேண்டாம். கீழ் பெர்த் ஒதுக்கீடு இருக்கிறது, ஆண்களுக்கு 60 வயதும் பெண்களுக்கு 45 வயதும் ஆகியிருக்க வேண்டும், புக் பண்ணும்போது அந்த ஒதுக்கீட்டைத் தேர்ந்தெடுக்க வேண்டும். முன்பதிவு 2024 நவம்பரிலிருந்து 60 நாளைக்கு முன்னால்தான் திறக்கிறது. பொங்கலுக்கு வருகிறவர்கள் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

பென்ஷன்காரர்களுக்கு, உயிரோடு இருக்கிறேன் என்று காட்டுகிற லைஃப் சர்டிபிகேட்தான் பெரிய வேலை. பீடி சுற்றிய ஒரு அம்மாள் பி.எஃப். பென்ஷனுக்காக ரேகை வைக்கப் போய், மெஷின் ஏற்கவில்லை என்று இரண்டு தடவை திரும்பிவந்ததை நான் பார்த்திருக்கிறேன். ரேகை தேய்ந்த கைக்கு வேறு வழி இருக்கிறது. ஜீவன் பிரமாண் என்கிற டிஜிட்டல் லைஃப் சர்டிபிகேட் 2014-லேயே வந்தது, 2021 நவம்பரிலிருந்து முகத்தைக் காட்டியே அதை முடிக்கலாம். ஜீவன் பிரமாண் முகச் செயலி ஒன்று, ஆதார் ஃபேஸ் ஆர்.டி. ஒன்று என இரண்டையும் ஏற்ற வேண்டும். ஆதார் எண், பி.பி.ஓ. என்கிற பென்ஷன் ஆணை எண், பேங்க் கணக்கு எண், ஆதாரோடு சேர்த்த போன் எல்லாம் பக்கத்தில் இருக்கட்டும். வெளிச்சம் முகத்தில் விழுகிற மாதிரி, வெறும் சுவர் பின்னால் இருக்க உட்கார வைத்து, கண்ணைச் சிமிட்டச் சொன்னால் சிமிட்ட வேண்டும், அவ்வளவுதான். மத்திய அரசு பென்ஷன்காரர்களுக்கு நவம்பர் மாதம், 80 வயது தாண்டியவர்களுக்கு அக்டோபர் 1 முதலே. பி.எஃப். பென்ஷனுக்கு வருஷத்தில் எந்த மாதமும் கொடுக்கலாம், கொடுத்த நாளிலிருந்து ஒரு வருஷம் செல்லும். மாநில அரசு பென்ஷனுக்குக் கணக்கு வேறு, கருவூலத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். போனில் ஆகவே இல்லை என்றால் தபால்காரரிடம் சொல்லிவிட்டால் வீட்டுக்கே வந்து முடித்துக் கொடுப்பார்.

பணம் அனுப்பும் செயலிகளைக் கடைசியில்தான் கொடுக்க வேண்டும், அதுவும் பென்ஷன் கணக்கோடு சேர்க்காதீர்கள். இரண்டாயிரம் மூவாயிரம் கிடக்கிற தனிக் கணக்கு ஒன்றோடு சேர்த்துக் கொடுங்கள், பயமில்லாமல் பழகுவார்கள். முதல் பத்து ரூபாயை உங்களுக்கே அனுப்பச் சொல்லுங்கள். நோட்டில் ஒரு பக்கம் முழுக்க ஒரே ஒரு வரி பெரிதாக இருக்கட்டும்: பணம் வர பின் வேண்டாம், பணம் போகத்தான் பின். "உங்களுக்குப் பணம் வந்திருக்கு, வாங்க பின் போடுங்க" என்று எவன் சொன்னாலும் அவன் திருடன்.

திருடர்களைப் பற்றிப் பேசும்போது பயமுறுத்தாமல் பேச வேண்டும், ஆனால் வெளிப்படையாகப் பேச வேண்டும். இன்று ராத்திரி உங்கள் வீட்டுக் கரண்டைத் துண்டித்துவிடுவோம், இந்த நம்பருக்குக் கூப்பிடுங்கள் என்று மெசேஜ் வரும். போலீஸ் உடுப்போடு வீடியோ காலில் வந்து உங்கள் பேரில் பார்சல் பிடிபட்டது, வீட்டை விட்டு வெளியே போகக்கூடாது, டிஜிட்டல் அரெஸ்ட் என்பான். அப்படி ஒன்று நம் சட்டத்திலேயே கிடையாது. கல்யாணப் பத்திரிகை என்று வாட்ஸ்அப்பில் ஒரு கோப்பு வரும், திறந்தால் அது பத்திரிகை இல்லை, போனுக்குள் உட்காருகிற செயலி. நம் ஊரில் பத்திரிகையைப் பிரிக்காமல் விடுவது மரியாதை இல்லை என்று நினைப்பவர்கள் அதிகம், அதனால் இதைத் தனியாகச் சொல்லுங்கள். கூப்பிட்டுச் சொல்லாத கல்யாணத்துக்கு வெறும் வாட்ஸ்அப் பத்திரிகை வந்தால் திறக்க வேண்டாம். தெரியாத இடத்திலிருந்து செயலி ஏற்றும் அனுமதியை நீங்களே செட்டிங்ஸில் அடைத்துவிடுங்கள், வாட்ஸ்அப்பில் தெரியாதவர் அழைப்பை ஒலிக்காமல் வைக்கலாம், குரூப்பில் யார் வேண்டுமானாலும் சேர்க்க முடியாதபடியும் வைக்கலாம், 'டூ ஸ்டெப் வெரிஃபிகேஷன்' என்கிற ஆறு இலக்க இரண்டாம் பின்னையும் அதில் போட்டுவிடுங்கள்.

அவர்கள் மனசில் நிற்க வேண்டியது ஒரே வாக்கியம்: "என் பிள்ளைகிட்ட கேட்டுட்டுச் சொல்லுதேன்." சொல்லிவிட்டு வைத்துவிட வேண்டும். நான் ஆச்சியிடம் திருடன் மாதிரிக் குரல் மாற்றிப் பேசி இதைப் பழக்கினேன். முதல் தடவை மரியாதைக்காக, "நல்லாருக்கியளா" என்று விசாரித்துவிட்டார்கள், மூன்றாவது தடவை பட்டென்று வைத்துவிட்டார்கள்.

அதையும் மீறிப் பணம் போய்விட்டால் 1930 என்ற சைபர் குற்ற உதவி நம்பருக்கு உடனே கூப்பிட வேண்டும், எவ்வளவு சீக்கிரம் கூப்பிடுகிறோமோ அவ்வளவுக்குப் பணத்தை நடுவழியில் நிறுத்த வாய்ப்பு. என் உறவில் ஒரு பெரியப்பா பணத்தை விட்டுவிட்டு ஒன்பது நாள் யாரிடமும் சொல்லவில்லை. மகன் திட்டுவான் என்ற பயம். போன பணத்தை விட அந்த ஒன்பது நாள் அவர் தூங்காமல் கிடந்தது எனக்கு இன்றைக்கும் வலிக்கிறது. அதனால்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், சொல்லிக்கொடுக்கும்போது நம் குரல் எப்படி இருக்கிறதோ அதை வைத்துத்தான் ஆபத்தில் அவர்கள் நம்மைக் கூப்பிடுவதா வேண்டாமா என்று முடிவு செய்வார்கள். இன்றைக்கே அவர்களிடம், "பணம் போனாலும் நான் ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன், உடனே கூப்பிடுங்க" என்று வாய்விட்டுச் சொல்லிவையுங்கள். பிள்ளைகள் யாரும் பக்கத்தில் இல்லாதவர்கள் என்றால் முதியோர் உதவி எண் 14567 இருக்கிறது, அதையும் போனில் ஏற்றுங்கள்.

கடைசியாக ஒரு காகித வேலை. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் தாமிரபரணி பெருகியபோது கரண்டும் டவரும் போய், போன் இருந்தும் இல்லாத மாதிரி ஆனது. பக்கத்து வீட்டுப் பழைய போனில் கொஞ்சம் சார்ஜ் இருந்தும், மகன் நம்பர் மனப்பாடமாக இல்லாததால் கூப்பிட முடியாமல் நின்றவர்களைத் தெரியும். ஆகவே நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஆறு பேர் நம்பரை அவர்கள் கையாலேயே பெரிதாக எழுதச் சொல்லி, அதே பக்கத்தை இன்னொரு தாளிலும் எழுத வைத்து, ரேஷன் கார்டு இருக்கிற பிளாஸ்டிக் கவருக்குள் போட்டு, பவர் பேங்கோடு சேர்த்து மேல் தட்டில் வைத்துவிடுங்கள்.